குடிலில் குறைந்த ஆட்டுக்குட்டி

1986 ஜனவரி 4, சனிக்கிழமை. எங்கள் அமெரிக்க ஊரான பிஸ்கட்டவேயில் பனி இன்னும் கரையவில்லை. காலையில் காரைச் சுற்றியிருந்ததை வாரித் தள்ளினேன், துணிகளைத் துவைக்கப் போட்டேன், காய்கறி வாங்கி வந்தேன். பன்னிரண்டு வயது மகள் சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து, பள்ளியில் பேசவேண்டியதை உரக்கப் படித்துக்கொண்டிருந்தாள். விக்டோரியா மகாராணி காலத்து இங்கிலாந்தில் சட்டம் குழந்தைகளை எப்படி நடத்தியது என்பது தலைப்பு. ஏழு வயது நிரம்பாத குழந்தைக்குக் குற்றம் செய்யத் தெரியாது என்று சட்டம் விட்டுவிடும். நிரம்பிவிட்டால் ஒரு ரொட்டியை எடுத்ததற்கும் நீதிமன்றம், பிரம்படி, பெரியவர்களோடு சிறை. பின்னால் சீர்திருத்தப் பள்ளிகள் வந்தன. அங்கும் வருடக்கணக்கில் அடைத்து வைத்தார்கள். மேஜைக்கு அடியில் அவள் தம்பி கேட்டுக்கொண்டிருந்தது எங்கள் யாருக்கும் தெரியாது. மறுநாள் அவனுக்கு ஏழாவது பிறந்தநாள்.

மாலையில் கேக்குக்கு மாவு கலக்கும்போது அவன் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டான். "பர்த்டே வேணாம்மா. ஐ வான்ட் டு ஸ்டே சிக்ஸ்." காரணம் கேட்டால் அழுகை. மறுபடி மேஜைக்கு அடியில் போய்விட்டான். மகள்தான் உள்ளே புகுந்து அவனோடு உட்கார்ந்தாள். அவன் கோட்டுப் பையிலிருந்து எடுத்துக் காட்டியது கட்டைவிரல் அளவு மண் ஆட்டுக்குட்டி. பக்கத்து வீட்டு நாகர்கோவில் ஆன்ட்டி, கிறிஸ்துமஸ் குடிலுக்கென்று ஊரிலிருந்து பஞ்சில் சுற்றிக் கொண்டுவந்தது. ஒரு வாரமாக சோபாவுக்கு அடியிலெல்லாம் தேடிக்கொண்டிருந்தார்.

நான் கண்டிக்க வாயெடுத்தேன். மகள் கையை உயர்த்தினாள்.

"ஒன் மினிட்ப்பா. எடுத்தப்ப அவனுக்கு சிக்ஸ். அந்தக் காலத்துலயே விட்ருவாங்க."

அவன் கண்ணைத் துடைத்துக்கொண்டான். "பட், நாளைக்கும் என்கிட்டதான இருக்கும்?"

அவள் சிரிக்கவில்லை. கொஞ்சம் யோசித்துவிட்டு, ஏழு ஆவதற்குள் திருப்பிக் கொடுத்துவிடலாம், தானும் வருகிறேன் என்றாள். அன்று ஆன்ட்டி ஊரில் இல்லை, இரவுதான் திரும்புவார். அவன் பிறந்தது காலை எட்டேகாலுக்கு என்று அம்மா சொன்ன பிறகே படுக்கப் போனான்.

இன்று மகள் டெக்சாஸில் பல் மருத்துவர். ஏதாவது ஒரு குழந்தையை யாரேனும் திருடன் என்று விளையாட்டாகச் சொன்னால்கூட, அவள் முதலில் கேட்பது அதன் வயதைத்தான்.

அந்த ஞாயிறு காலை முதல் வேலையாக, பல்லைக்கூடத் தேய்க்காமல், அக்காவும் தம்பியும் பனியில் நடந்துபோய் ஆன்ட்டியின் கதவைத் தட்டினார்கள். நான் பின்னால் நின்றேன். சர்ச்சுக்குப் புடவை கட்டியிருந்த ஆன்ட்டி அவனுடைய உள்ளங்கையைப் பார்த்தார்.

"வந்துட்டியா மக்களே. ஒன்னத்தான் தேடிட்டே இருந்தேன்" என்று, பிள்ளையைக் கொஞ்சுவதுபோல் ஆட்டுக்குட்டியிடம் சொன்னார்.

அவனே அதைக் குடிலில் வைத்தான். பிறகு மணி கேட்டான். ஏழரை. திரும்பி அக்காவைப் பார்த்தான்.

"ஸ்டில் சிக்ஸ்" என்றாள் அவள்.