நாற்பத்தேழாம் பக்கம்

பொம்மனஹள்ளியில் ஒரு கார்மென்ட்ஸ் ஃபேக்டரியில் எனக்குச் செக்கிங் வேலை. தைத்து வரும் சட்டையை மேசைமேல் விரித்து, காலர், பட்டன், உள்தையல் என்று நாள் முழுக்கக் குறை தேட வேண்டும். ஒரு எண்ணெய்க் கறை இருந்தால் போதும், மற்றதெல்லாம் எவ்வளவு நன்றாக இருந்தாலும் அந்தப் பீஸ் ரிஜெக்ட். அதனால் வக்கீலம்மா சொன்னது எனக்கு உடனே புரிந்துவிட்டது.

"உங்க தம்பி நல்லவனா கெட்டவனான்னு கோர்ட் பாக்காதும்மா. ஆர்டர்ல ஓட்டை இருக்கான்னுதான் பாக்கும். ஒண்ணு கெடச்சாலும் போதும்."

தம்பியைக் குண்டர் சட்டத்தில் உள்ளே போட்டு அப்போது மூன்று மாதம் ஆகியிருந்தது. அவன் யோக்கியன் என்று நான் சொல்லமாட்டேன். ஆட்டோ ஓட்டுவான், குடித்துவிட்டால் கை நீட்டுவான். அவன்மேல் மூன்று கேஸ். மூன்றிலும் ஜாமீன் கிடைத்திருந்தது. ஆனால் இந்தச் சட்டம் வேறு மாதிரி. இனிமேலும் ஏதாவது செய்துவிடுவான் என்று சொல்லி, விசாரணையே இல்லாமல் ஒரு வருஷம் வைத்துக்கொள்ளலாமாம். ஐகோர்ட்டில் மனு போட்டு ஆர்டரை ரத்துசெய்யக் கேட்பது ஒன்றுதான் வழி. மனுதாரர் நான்.

வாய்தாவுக்குமேல் வாய்தா. பதில் போட டைம் வேண்டும் என்பார்கள். அடுத்த முறை எங்கள் நம்பர் வருவதற்குள் கோர்ட் எழுந்துவிடும். இப்படியே அந்த ஒரு வருஷம் ஓடிவிட்டால் அவனே வெளியே வந்துவிடுவான், மனுவும் தானாக முடிந்துபோகும் என்று வக்கீலம்மா சொன்ன அன்று, ஹோசூர் ரோட்டில் பஸ் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு வாய்விட்டு அழுதேன். கோர்ட்டுக்கு என்ன, அடுத்த தேதி இருக்கிறது. உள்ளே இருப்பவனுக்கு ஒவ்வொரு நாளும் கழிய வேண்டுமே.

ஐந்தாவது மாதம் வக்கீலம்மா கூப்பிட்டனுப்பினார். போலீஸ் தம்பியிடம் கொடுத்திருந்த காகிதக் கட்டை மேசைமேல் விரித்து வைத்திருந்தார். ஆர்டர், அதற்கான காரணங்கள், பழைய கேஸ்களின் நகல்கள். நாற்பத்தேழாம் பக்கத்தை எடுத்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தார். ஜெராக்ஸ் மெஷின் மையைக் கொட்டியதுபோல் முழுக்கக் கறுப்பு. ஓர் எழுத்து படிக்க முடியாது. நல்ல நகல் கேட்டுத் தம்பி ஜெயிலிலிருந்து எழுதிக்கொடுத்தும் பதில் இல்லை. தன்மேல் என்ன சொல்லியிருக்கிறார்கள் என்று அவன் படித்தால்தானே எதிர்த்து எழுத முடியும்? அதற்கு வழியில்லையென்றால் ஆர்டர் நிற்காது, இனிமேல் நல்ல நகல் கொடுத்தாலும் செல்லாது என்று சந்தோஷமாகச் சொன்னார்.

நான் அந்தப் பக்கத்தின் அடிப்பகுதியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கறுப்புக்கு நடுவே ஒரு சாய்ந்த கோடு, அதற்குக் கீழே இரண்டு புள்ளி. என் கையெழுத்தின் கீழே நான் எப்போதும் வைக்கும் புள்ளிகள்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஈஜிபுராவில் குடியிருந்தோம். ஒரு ஞாயிறு மத்தியானம் தம்பி குடித்துவிட்டு வந்து டிவியை உடைத்தான். தடுக்கப்போன அம்மாவைத் தள்ளியதில் அவள் நெற்றி கிழிந்தது. எனக்குக் கோபம் தலைக்கேறியது. நேரே ஸ்டேஷனுக்குப் போய்விட்டேன். எங்கள் பக்கத்தில் அது வழக்கம்தான். அடங்காத பிள்ளையை ஒரு நாள் ஸ்டேஷனில் உட்காரவைத்து மிரட்டி அனுப்பச் சொல்வார்கள், அது கேஸாகும் என்று யாரும் நினைப்பதில்லை. அங்கிருந்தவர் கன்னடத்தில் ஏதோ எழுதி நீட்டினார். கையெழுத்துப் போட்டேன். கேஸாகிவிட்டது.

ஜாமீனில் வந்ததும், யார் எழுதிக்கொடுத்தது என்று கேட்டான். கீழ்வீட்டுக்காரர்கள் என்றேன். கூசாமல் சொன்னேன். அப்போதெல்லாம் கேஸ் காகிதம் எதையும் புரட்டிப் பார்க்கிறவன் இல்லை அவன், நம்பிவிட்டான். அந்த வீட்டைக் காலிசெய்யும்வரை அவன் அவர்களிடம் முகம்கொடுத்துப் பேசவில்லை.

வக்கீலம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். பேனாவைக் கீழே வைத்தார்.

"யார் கொடுத்த பேப்பரா இருந்தா என்ன, அவனால படிக்க முடியல. பாயிண்ட் அப்படியேதான் இருக்கு. ஆனா நாம இதைப் பேசினா, அவங்க ஒரிஜினலை எடுத்து வாசிப்பாங்க. உங்க பேர் வெளிய வரும். வேணாம்னா விட்டுடலாம்."

வேறு ஓட்டை ஏதாவது உண்டா என்று கேட்டேன். பலமாக எதுவும் இல்லை என்றார். இதையே பேசச் சொல்லிவிட்டு, வெளியே வந்து படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டேன்.

அவர் சொன்னபடியே நடந்தது. அரசு வக்கீல் ஒரிஜினலை வாசித்துவிட்டு, புகார் கொடுத்ததே இந்த மனுதாரர்தான் என்றார். முன்வரிசைக் கறுப்புக் கோட்டுகள் திரும்பிப் பார்த்தன. நீதிபதி என்னை முன்னே வரச்சொல்லி, நீதான் கொடுத்தாயா என்று கன்னடத்தில் கேட்டார். நானும் கன்னடத்தில்தான் சொன்னேன். ஒரு நாள் உட்காரவைங்க என்றுதான் கேட்டேன், ஒரு வருஷம் என்று கேட்கவில்லை.

அடுத்த மாதம் ஆர்டர் ரத்தானது. ஏழு மாதம் போயிருந்தது.

ஜெயில் வாசலில் தம்பி பாதியாக இளைத்து வந்தான். படிக்க முடியாத ஒரு பக்கத்தால்தான் ஆர்டர் போயிற்று என்று யாரோ சொல்லியிருந்தார்கள். "அதுல என்னக்கா இருந்துச்சு?" என்றான். அரசுத் தரப்பு பிறகு கொடுத்த நல்ல நகல் என் பையில் இருந்தது. எடுத்துக் கொடுத்துவிட்டேன்.

பஸ் ஸ்டாப்பில் நின்றபடி படித்தான். இரண்டு முறை படித்தான் என்று நினைக்கிறேன்.

"அம்மாவுக்குத் தெரியுமா?"

அம்மாதான் அனுப்பினாள் என்று ஒரு பொய் சொல்லியிருந்தால் பாதிப் பாரம் இறங்கியிருக்கும். வாய்வரை வந்தது.

"தெரியாது. நானாத்தான் போனேன்."

மடித்துத் திருப்பிக் கொடுத்தான். பஸ்ஸில் என் பக்கத்தில் இடம் இருந்தும் கடைசி சீட்டுக்குப் போய் உட்கார்ந்தான்.

இப்போது அவன் குடிப்பதில்லை. குரலை உயர்த்துவதுகூட இல்லை. போன வாரம் அவனுக்குச் சோறு போட்டுவிட்டு, கேஸ் சிலிண்டர் புக் பண்ணப் போனை எடுத்தேன். பிசைந்துகொண்டிருந்த அவன் கை நின்றது.

"யாருக்குக்கா?" என்றான்.

சிலிண்டருக்கு என்றேன். நான் பேசி முடித்துப் போனைக் கீழே வைக்கும்வரை அவன் சாப்பிடவில்லை.