பிஸ்கட் மண்

பண்டாரவளையில் நான் படிப்பிக்கும் பாலர் பாடசாலையில், ஹாலோவீன் என்ற பேய்வேடப் பண்டிகைக்கென்று பிள்ளைகளோடு சேர்ந்து மயானப் புடிங் செய்தோம். கோப்பையில் சாக்லேட் புடிங், அதன்மேல் மண்ணாகப் பிஸ்கட் தூள், கல்லறையாக ஒரு முழு பிஸ்கட். அந்தக் கறுத்த தூள் விரலிடுக்கில் ஒட்டியதும் அதை உருட்டிப் பார்த்தேன்.

சின்ன வயதில் நாங்கள் குடியிருந்த தேயிலைத் தோட்டத்து லய வரிசைவீடுகளின் பின்பக்கத் தண்ணீர்க் கானோரத்து மண்ணும் இப்படித்தான், கறுப்பாக, பொலபொலவென்றிருக்கும். தகரக்கூரையில் மழை இரைய, பக்கத்து வீட்டு அடுப்புப் புகை சுவர்மேலால் இறங்கிவர, தங்கை சுமதி அந்த மண்ணைச் சிரட்டையில் அமுக்கிக் கேக் செய்து, தேயிலைப் பூவை மேலே குத்தி என் வாயருகே நீட்டுவாள்.

"சும்மா தின்ன மாதிரி காட்டக்கூடாது அக்கா, மெல்லணும்."

ஒரு மழைக்காலக் காலையில் அம்மா கொழுந்தெடுக்க மலைக்கும் நான் பள்ளிக்கூடத்துக்கும் போயிருந்தோம். காய்ச்சலோடு சுமதி வீட்டில் படுத்திருந்தாள். மலை சரிந்து லயத்தை மூடியது. பல நாள் தோண்டிவிட்டு நிறுத்திவிட்டார்கள். அவள் கிடைக்கவில்லை. அடக்கம் செய்யவோ கல் வைக்கவோ எங்களுக்கு எதுவும் இருக்கவில்லை. இப்போது அங்கே மானாப்புல் ஆளுயரம் நிற்கிறது.

"டீச்சர், இதுல பேரு எழுதித் தாங்க," என்று ஒரு சிறுமி கல்லறை பிஸ்கட்டைக் காட்டி ஐசிங் பையை நீட்டினாள்.

"யாரு பேரும்மா?"

"யாராவது செத்தவங்க பேரு."

எழுதினேன். அவள் எழுத்துக்கூட்டி, "சு…ம…தி" என்று வாசித்தாள். பிறகு அந்தப் பிஸ்கட்டைப் பிடுங்கி, சிரித்துக்கொண்டே கடித்துத் தின்றாள்.