வந்தவரைக் கேட்டீர்களா?

சுலோசனா போய்விட்ட செய்தி வந்தபோது பார்சிப்பனியில் காருக்கு டயர் மாற்றக் காத்திருந்தேன். "அங்கிள், அம்மா காலைல போயிட்டாங்க. ஹார்ட் அட்டாக்" என்றாள் அவர் மகள். அதற்கு முந்தின வாரம்தான் என் கட்டுரையைக் கிழி கிழியென்று கிழித்திருந்தார். பதில் தயாராக வைத்திருந்தேன். இனி யாரிடம் சொல்வது?

இந்த அஞ்சலியைப் படிக்கும் அமெரிக்கத் தமிழர் பலருக்கு அவர் மான்மவுத் ஜங்ஷன் ஊர் சுலோசனா ஆன்ட்டி. நீலகிரிப் பழங்குடி மொழி ஒன்றுக்கு இலக்கணம் எழுதியவர், அந்த மக்களின் சாமியாட்டத்தை ஆராய்ந்தவர் என்பது சிலருக்கே தெரியும். பல்கலைக்கழகத்தில் எனக்குப் பக்கத்து அறை. நாங்கள் சண்டை போடாத வாரம் கிடையாது.

மலையில் அருள் வந்த ஒரு பெண் பேசியதை அவர் பதிவு செய்திருந்தார். அன்றாடப் பேச்சில் வழக்கொழிந்த சொற்கள் அதில் கொட்டிக் கிடந்தன. புத்தகத்தில் சேர்க்கலாமா என்று மறுநாள் அந்தப் பெண்ணிடம் கேட்டபோது, "பேசினது நானில்லையே, பேசினவரைக் கேளு" என்று அவர்கள் மொழியில் பதில் வந்ததாம். நானாக இருந்தால் சிரித்துவிட்டு அச்சுக்கு அனுப்பியிருப்பேன். இவர் அடுத்த திருவிழா வரை காத்திருந்து, மறுபடி மலையேறி, அருள் வந்ததும் கேட்டார். வேண்டாம் என்று சாமி சொல்லிவிட்டது. அந்த அத்தியாயம் இல்லாமலே புத்தகம் வந்தது.

"புத்தகத்துக்கு உயிரே அதுதானே! நீங்க இதெல்லாம் நம்பறீங்களா?" என்று கத்தினேன்.

"நம்பறேனா இல்லையாங்கறது என் பிரச்னை. கேட்டது நான். பதில் பிடிக்கலைன்னு கேக்காத மாதிரி இருக்க முடியுமா?" என்றார்.

பிறகு இங்கே பிரிட்ஜ்வாட்டரில் ஒரு கிரகப்பிரவேசம். பூசை நடுவில் வீட்டுக்காரப் பெண்ணுக்குச் சாமி வந்துவிட்டது. சாப்ட்வேர் வேலை பார்ப்பவள், கோவைப் பக்கம். கவிதா என்று வைத்துக்கொள்வோம். "நைன் ஒன் ஒன் கால் பண்ணுங்க" என்று ஒருவர் பதற, இரண்டு பேர் வீடியோ எடுக்க ஆரம்பித்தார்கள். சுலோசனா நேராகப் போய் அவள் எதிரில் தரையில் உட்கார்ந்தார்.

"போனை எல்லாம் உள்ள வைங்க. வந்தவங்களைக் கேட்டீங்களா?" என்று ஒரு அதட்டல். பிறகு குரலைத் தணித்து, "யாரு வந்திருக்கீங்க? என்ன வேணும்?" என்றார். கவிதா பேசினாள். முழுவதையும் கேட்டுவிட்டுத் தண்ணீரும் திருநீறும் கொடுத்தார். அவள் அடங்கி அவர் மடியில் சாய்ந்துகொண்டாள். ஆம்புலன்ஸ் வரவில்லை.

காரில் திரும்பும்போது நான் விடவில்லை. "பேரை மாத்திட்டு எழுதுங்க. இந்த ஊர்ல இதை யாரும் பதிவு பண்ணலை."

"மலையில இருக்கறவங்களுக்கு ஒரு நியாயம், பிரிட்ஜ்வாட்டர்ல வீடு வாங்கினவங்களுக்கு ஒரு நியாயமா, ராகவன்?" என்றார். கடைசிவரை எழுதவில்லை.

அன்று கவிதா பேசியதை நானும் பக்கத்திலிருந்து கேட்டேன். சுலோசனா எப்பேர்ப்பட்டவர் என்பதைக் காட்ட அதைவிட நல்ல சாட்சி இல்லை என்று நினைத்து, அதை ஒரு பத்தியாக இந்த அஞ்சலியில் எழுதியும் வைத்தேன். நேற்று பல்கலைக்கழகத்தில் என் அறையிலிருந்து கவிதாவைப் போனில் அழைத்து அனுமதி கேட்டேன்.

"ஆன்ட்டி பண்ணினதைத் தாராளமா எழுதுங்க அங்கிள். எல்லாரும் தெரிஞ்சுக்கட்டும். ஆனா நான் என்ன பேசினேன்னு எனக்கே ஞாபகம் இல்லைங்க. அதுக்கு நான் எப்படி ஓகே சொல்றது?"

போனை வைத்துவிட்டு அந்தப் பத்தியை அழித்தேன். கேட்டபின் பதிலுக்குக் கட்டுப்படும் இந்தப் பழக்கத்தைத்தான் சுலோசனா எனக்கு விட்டுப் போயிருக்கிறார். நல்ல பத்தி அது. ஆத்திரம் தாங்கவில்லை. சண்டை போடலாமென்று எழுந்து பக்கத்து அறைக் கதவுவரை போய்விட்டேன்.