சத்தம் வைக்காத பொம்மைப் படம்

அண்ணன் போன விசைப்படகு விடியும்போதே கரைக்கு வந்திருக்க வேண்டும். கூடப் போன படகெல்லாம் திரும்பிவிட்டன. மதியமாகியும் அதை மட்டும் காணவில்லை. அண்ணன் நம்பரைப் போட்டால் தொடர்பு எல்லைக்கு வெளியே என்றே வந்தது. மதினி ஜெபமாலையோடு வாசலிலேயே இருந்தார். படகு வராத வீட்டில் பாட்டுச் சத்தம் கேட்கக் கூடாது. எங்கள் கரையில் அது எழுதாத சட்டம். பக்கத்து வீட்டு டிவியைக்கூட அணைத்திருந்தார்கள்.

அண்ணன் மகளுக்கு நாலு வயது. பொம்மைப் படம் இல்லாமல் ஒரு வாய்ச் சோறு இறங்காது. பழக்கியவன் நான்தான். வேலியில் போன ஓணானை வேட்டிக்குள் விட்டுக்கொண்ட கதை. பேசும்படம் வந்த புதிதில் வெள்ளைக்காரர்கள் வரைந்த கறுப்பு வெள்ளைக் குறும்படங்கள் என்றால் எனக்குப் பைத்தியம். ஊரே முணுமுணுத்த பாட்டை எடுத்துக்கொண்டு அதன் தாளத்துக்குப் படம் வரைவார்கள். பூனை ஆடும், முக்காலி ஆடும், பாட்டு வரிகளின் மேல் வெள்ளைப் பந்து ஒன்று குதித்துப் போகும்.

பிள்ளை காலையிலிருந்து பட்டினி. பொறுக்க முடியாமல் என் போனை மொத்தமாக சைலண்டில் போட்டு அவள் கையில் கொடுத்தேன்.

"சத்தம் வை, சித்தப்பா."

"அப்பா வரட்டும், வைக்கிறேன்."

பாட்டில்லாமல் அந்தப் பூனை வாயைத் திறந்து திறந்து மூடியது. அவள் தாளத்தை மனப்பாடமாகத் தட்டில் தட்டிக்கொண்டே சாப்பிட்டாள். ரசம் எடுக்க அடுப்படிக்குப் போய்வந்தேன். சோறு தீர்ந்ததும் போனை வாங்கிப் பார்த்தால், அண்ணன் பெயர். இரண்டு அழைப்புகள். இரண்டும் துண்டிக்கப்பட்டிருந்தன.

"நீயாடி கட் பண்ணுன?"

"பூனைய மறைச்சுச்சு."

திரும்ப அடித்தேன். மறுபடியும் எல்லைக்கு வெளியே. அந்தப் பதிவை அழித்துவிட்டால் யாருக்குத் தெரியும் என்று ஒரு கணம் நினைத்தேன். இன்றைக்கும் வெட்கமாக இருக்கிறது.

"என்ன தம்பி, யாரு போனு?" மதினி எழுந்து வந்தார்.

போனை நீட்டினேன். பெயரைப் படித்ததும் என் முதுகில் ஓங்கி ஓர் அறை விட்டார். நான் அசையாமல் நின்றேன். என் கண்ணுக்கு என் தப்பு மட்டும்தான் தெரிந்தது. அவர் பிள்ளையை வாரி எடுத்துக்கொண்டு, தெருவே கேட்க அழுதார்.

"கூப்புட்டுருக்காருல்லலே! அப்ப உசுரோட இருக்காரு!"