காது வெட்டின பூனை யாருது?

காலையில கிருமாம்பாக்கம் ஸ்டாப்ல பஸ்ஸுக்கு நின்னப்போ டீக்கடையில ஒரே சத்தம்.

கடைக்கார செல்வி அக்கா பூனையை இடுப்புல இடுக்கிக்கிட்டு, எதிர் வூட்டு கோவிந்தண்ணனை விளாசிக்கிட்டிருந்தாங்க. பூனையோட இடது காது நுனி வெட்டுப்பட்டு மழுங்கலா இருந்துது.

"உன் ஆட்டுக்கெல்லாம் காதை வெட்டி அடையாளம் வைக்கிற, சரி. என் பூனைக்கு இன்னாத்துக்குய்யா வெச்ச? நாளைக்கு உன்னுதுன்னு சொல்றதுக்கா?"

"சத்தியமா நான் வெட்டலம்மா." அவர் அழுதுடுவார் போல இருந்துது.

நான் குறுக்க பூந்தேன். "அக்கா, நடுவுல பூனை காணாம போச்சா?"

"ஆமா தம்பி, தேடாத எடமில்ல."

"பிராணி நலக்காரங்க புடிச்சுட்டுப் போய், குட்டி போடாம இருக்க ஆபரேஷன் பண்ணியிருக்காங்க. அந்த மயக்கத்துலயே காது நுனியை எடுத்துடுவாங்க. இன்னொரு தபா புடிச்சு வயித்தைக் கிழிக்கக் கூடாதுன்னு அடையாளம். தெருப் பூனைங்களுக்கு அப்படித்தான்."

அக்கா பூனையோட வயித்தைத் தடவிப் பார்த்தாங்க. முடி சிரைச்ச எடம் இருந்துது. கண்ணு கலங்கிடுச்சு.

"போன தபா போட்ட குட்டிங்க எல்லாம் இந்த ரோட்லயே அடிபட்டு பூடுச்சு தம்பி. இனிமே அத பாக்க வேணாம்."

கோவிந்தண்ணன் மெதுவா கேட்டார்: "தெருப் பூனைன்னா யாருக்கும் சொந்தமில்லதானே? தெனம் மீன் தலை போடறது நான்தான்."

பூனை இடுப்புலேந்து குதிச்சு நேரா அவர் வூட்டுக்குள்ள போயிடுச்சு.

அதுக்குள்ள பஸ் வந்துடுச்சு. தீர்ப்பை நீங்களே சொல்லுங்க: பால் ஊத்துற அக்காவுக்கா, மீன் தலை அண்ணனுக்கா?

நாளைக்கும் நான் அந்தக் கடையிலதான் டீ குடிக்கணும். பாத்து எழுதுங்க.