இசக்கி சொல்லிவரும் பொய்

இசக்கி பொய் சொல்கிறாள். பேட்டியில் சொன்னாள், மேடையில் சொன்னாள், இப்போது படமாகவும் எடுத்துச் சொல்லிவிட்டாள். இங்கிலாந்தில் வளர்ந்துவரும் இயக்குநர் என்று அவளைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் அவளுடைய நேர்மையைப் பாராட்டுகிறார்கள். பாராட்டட்டும். மற்ற எல்லாவற்றிலும் அவள் நேர்மையானவள்தான். ஒரே ஒரு விஷயத்தில் மட்டும் பதினைந்து வருடமாகப் பொய் சொல்கிறாள். அது பொய் என்று தெரிந்தவர்கள் அவளைத் தவிர இரண்டே பேர். ஒன்று நான், இன்னொன்று என் அப்பா.

பேச்சி அத்தையின் போனில் எப்போதும் ஒரு பசை வாசனை அடிக்கும். இசக்கியின் அம்மாதான் பேச்சி அத்தை. சங்கரன்கோவில் பக்கத்திலிருந்து மகளைக் கூட்டிக்கொண்டு வந்து, சேரப்பணஞ்சேரியில் எங்கள் வீட்டுக்குப் பின்னால் அப்பா கட்டிவிட்டிருந்த ஆறு "போர்ஷன்"களில் ஒன்றில் வாடகைக்கு இருந்தார். ஒரகடத்தில் கார்களுக்கு ஒயர் கட்டும் கம்பெனியில் கான்ட்ராக்ட் வேலை. கேட்டில் நிற்கும் செக்யூரிட்டி, உள்ளே போகிற ஒவ்வொருவர் போனிலும் கேமரா கண்ணை மூடி ஒரு சிவப்பு வட்ட ஸ்டிக்கர் ஒட்டுவார், வெளியே வரும்போது அது கிழியாமல் இருக்கிறதா என்று பார்த்து அனுப்புவார். வீட்டுக்கு வந்ததும் இசக்கிதான் அதை நகத்தால் உரிப்பாள். உரித்ததையெல்லாம் தண்ணீர் பிடித்து வைக்கும் நீல "பேரல்" மீது ஒட்டிவைப்பாள். அந்தப் பேரலுக்கு அம்மை போட்டது மாதிரி இருக்கும்.

உரித்தபிறகும் பசை போகாது. பட்டன் போன், ஊசிமுனை அளவு லென்ஸ், அதன்மேல் தினமும் ஒரு பூச்சு. எதைப் படம் எடுத்தாலும் விடியற்காலைப் பனியில் எடுத்த மாதிரி விளிம்பெல்லாம் கரைந்து தெரியும். நான் பாவாடை நுனியால் துடைக்கப் போனேன். இசக்கி கையைத் தட்டிவிட்டாள். எங்கள் முருங்கை மரத்தை அந்தப் பசை வழியாக வெகுநேரம் பார்த்துக்கொண்டே நின்றாள். அப்போது எங்கள் இருவருக்கும் பன்னிரண்டு வயது. அவள் என்ன பார்க்கிறாள் என்று எனக்குப் புரியவில்லை. அவளுக்குப் புரிந்திருந்தது.

அந்த வருடம்தான் நாங்கள் ஏழு நிமிடப் படம் ஒன்று எடுத்தோம். கதை என்று பெரிதாக ஒன்றுமில்லை. ஒரு அம்மா காலையில் எழுந்து, சோறு கட்டி, கம்பெனி பஸ் பிடித்துப் போவாள், அவ்வளவுதான். அம்மாவாக நடித்தது நான். பேச்சி அத்தையின் நீலக் கோட்டைப் போட்டுக்கொண்டு, டிபன் பையோடு, பஸ் நிற்கும் புளியமரம் வரை நடக்க வேண்டும். நான் பொட்டு வைத்துப் பவுடர் பூசி, இடுப்பை ஆட்டிக்கொண்டு நடந்தேன். பதினோரு தடவை திருப்பி அனுப்பினாள். கடைசியில் வெயில் தாங்காமல் நான் உட்கார்ந்தே விட்டேன். அவள் என் எதிரில் குந்தி உட்கார்ந்து பொறுமையாகத்தான் சொன்னாள்.

"ஏட்டி, எங்கம்மைக்கு முந்தின நாள் முழுக்க நின்னு கால் வீங்கியிருக்கும். அவ எதுக்குட்டி ஆட்டிக்கிட்டு நடக்கா? நடிக்காத. நட."

அதற்குள் என் கால் உண்மையாகவே வலித்துக்கொண்டிருந்தது. எழுந்து நடந்தேன். அதைத்தான் எடுத்துக்கொண்டாள். இன்று அவள் படத்தில் நடிக்கிற வெள்ளைக்கார நடிகைகள், அவள் நடிக்கவே விடமாட்டேன் என்கிறாள் என்று சிரித்துக்கொண்டே சொல்வதைக் கேட்கும்போது எனக்கு அந்தப் பன்னிரண்டாவது நடைதான் ஞாபகம் வருகிறது.

ஆனால் படம் பஸ் ஏறுவதோடு முடிந்துவிட்டது. அதற்குமேல் இசக்கியால் போக முடியவில்லை, ஏனென்றால் அம்மா எங்கே போய் நிற்கிறாள் என்று அவள் பார்த்ததே இல்லை. நான் பார்த்திருக்கிறேன். என் அப்பாவும் அதே கம்பெனிதான், ஆனால் "பெர்மனென்ட்". நிலத்தைக் கொடுத்தவர்களுக்கு அந்த வேலை கிடைத்திருந்தது. ஆயுத பூஜைக்குப் பெர்மனென்ட் ஆட்களின் குடும்பங்களை பஸ் வைத்து அழைத்துப்போய், உள்ளே சுற்றிக்காட்டி, பொரியும் ஸ்வீட் பாக்ஸும் கொடுத்து அனுப்புவார்கள். கான்ட்ராக்ட் ஆட்களின் குடும்பம் கேட்டுக்கு வெளியேதான். உள்ளே மஞ்சள் பெயின்டில் ஆள் நிற்க வேண்டிய இடத்தில் இரண்டு பாதம் வரைந்திருக்கும் என்று அதற்கு முந்தின வருடம் நான் வந்து பீற்றிக்கொண்டேன். "எங்கம்மை பாதம் எதுட்டி?" என்று கேட்டாள் இசக்கி. எனக்குத் தெரியவில்லை.

உள்ளே படம் எடுக்க ஒரு வழியை அவள்தான் கண்டுபிடித்தாள். வேலைக்குக் கிளம்பும்போது லென்ஸில் ஒரு சொட்டு தேங்காய் எண்ணெய் தடவிவிட்டால் ஸ்டிக்கர் சரியாக ஒட்டாது, கிழியாமல் எடுத்துத் திரும்ப வைத்துவிடலாம். பேச்சி அத்தை முதலில் திட்டினார். மூன்று நாள் மகள் முகத்தைப் பார்த்தார். நாலாம் நாள் எண்ணெய் தடவிக்கொண்டு போனார். டீ டயத்தில் எல்லோரும் கேன்டீனுக்குப் போனபிறகு பத்து நொடி எடுத்தார். பலகையில் கலர் கலராக ஒயர்கள், மின்விசிறி, தரையில் தேய்ந்துபோன இரண்டு மஞ்சள் பாதங்கள், அதன்மேல் போய் நிற்கிற அவருடைய சொந்தக் கால்கள். எண்ணெயில் எல்லாம் மிதந்தது. இசக்கி அதைப் படத்தின் கடைசியில் சேர்த்தாள். அதற்குப்பிறகு அது விளையாட்டாக இல்லை, படமாகிவிட்டது.

ஆயுத பூஜைக்கு முந்தின நாள் மெமரி கார்டை என்னிடம் கொடுத்தாள். எங்கள் வீட்டில்தான் டிவிடி பிளேயர் இருந்தது, நான் என்னைப் பெரிதாகப் பார்க்க ஆசைப்பட்டேன். ஒரு நிபந்தனை வைத்தாள். தனியாகப் பார்க்க வேண்டும். யாராவது வந்துவிட்டால், பஸ் போனதும் நிறுத்திவிட வேண்டும்.

பூஜை முடிந்த சாயங்காலம் அப்பாவின் லைன் சூப்பர்வைசரும் இன்னும் நாலைந்து பேரும் எங்கள் கூடத்தில் சுண்டல் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். நான் கார்டைப் போட்டேன். என்னைத் திரையில் பார்த்து எல்லோரும் சிரித்தார்கள், கொஞ்ச நேரத்தில் சிரிப்பை நிறுத்திவிட்டுப் பார்க்க ஆரம்பித்தார்கள். பஸ் வந்தது. பஸ் போனது. ரிமோட் என் கையில்தான் இருந்தது. மறந்துவிட்டேன் என்று இத்தனை வருடத்தில் பலமுறை எனக்கு நானே சொல்லிப்பார்த்திருக்கிறேன். மறக்கவில்லை. நிறுத்த மனம் வரவில்லை. அத்தனை பேர் வாயை மூடிக்கொண்டு பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

சூப்பர்வைசர் கோபப்படவே இல்லை. சுண்டலை மென்றுகொண்டே கேட்டார். "நல்லாகீதே. கடைசில உள்ள எட்த்தது யாரும்மா?"

"பேச்சி அத்தைதான் சார்," என்றேன். அதோடு விட்டேனா? "தேங்காண்ணெ தடவிக்கினு போனாங்க, ஸ்டிக்கர் ஈசியா வந்துருச்சு."

பெருமையாகத்தான் சொன்னேன்.

அவர்கள் போனபிறகு அப்பா என்னை அடிக்கவில்லை. கார்டைப் பிடுங்கி பீரோவில் வைத்துப் பூட்டினார். "யாரு கேட்டாலும் இன்னா ஏதுன்னு தெரியாதுன்னு சொல்லு," என்றார். அடித்திருக்கலாம்.

இரண்டு நாள் கழித்து பேச்சி அத்தை பஸ் ஏறப்போன இடத்தில் கான்ட்ராக்டர் ஆள் அடையாள அட்டையைக் கேட்டு வாங்கிக்கொண்டான். லிஸ்டில் பெயர் இல்லை, உள்ளே படம் எடுத்தது தெரிந்துபோயிற்று, இனி எந்தக் கம்பெனி கேட்டிலும் நிற்க வேண்டாம் என்று சொல்லி அனுப்பிவிட்டான். நிரம்பிய டிபன் பாக்ஸோடு திரும்பி வந்தார். குழாயடியில் நான் குடத்தோடு நின்றுகொண்டிருந்தேன். இசக்கி தலை வாரிக்கொண்டிருந்தாள்.

"ஏட்டி, அத யாருட்ட காமிச்ச?"

இசக்கி என்னைப் பார்த்தாள். ஒரு மூச்சு விடுகிற நேரம்தான் இருக்கும்.

"நாந்தாம்மா. படப்பையில செல்போன் கடையில போட்டுப் பாத்தேன். நெறைய பேரு நின்னாவ."

பேச்சி அத்தை ஒரு அறை விட்டார். பிறகு வாசற்படியில் உட்கார்ந்து டிபன் பாக்ஸைத் திறந்து புளிச்சோற்றைப் பிசைந்து, மகளுக்கு ஒரு உருண்டை கொடுத்துவிட்டு, நின்றுகொண்டிருந்த என்னையும் கூப்பிட்டு என் கையிலும் ஒரு உருண்டை வைத்தார். நான் வாய் திறந்து சொல்லியிருக்க வேண்டும். வாய் திறந்து அந்தச் சோற்றைத் தின்றேன்.

அவள் ஏன் அப்படிச் சொன்னாள் என்று அப்போது தெரியாது. இப்போது தெரியும். என் அப்பாதான் வீட்டுக்காரர். உண்மை தெரிந்தால் அத்தை சண்டைக்குப் போயிருப்பார், அன்றைக்கே அறையைக் காலிசெய்ய வேண்டி வந்திருக்கும். பன்னிரண்டு வயதில், ஒரு மூச்சு நேரத்தில், அதையெல்லாம் யோசித்துத் தன் கன்னத்தைக் கொடுத்திருக்கிறாள். அவளைப் பார்த்து நான் பிரமிப்பது இன்றைக்கு அவள் எடுக்கிற படங்களால் மட்டுமல்ல.

இசக்கியின் அப்பா இங்கிலாந்தில் லெஸ்டர் என்ற ஊரில் ஒரு ஓட்டலில் சமையல்காரராக இருந்தார். நீங்களும் வந்துவிடுங்கள் என்று அவர் வருடக்கணக்கில் கூப்பிட்டும், சொந்தச் சம்பளத்தை விட்டுவிட்டு வரமாட்டேன் என்று இருந்தவர் பேச்சி அத்தை. அந்தச் சம்பளம் போனபிறகு அந்தப் பிடிவாதத்துக்கு வேலையில்லை. சில மாதங்களில் விசா வந்தது, போய்விட்டார்கள். அதனால்தானே இசக்கி இயக்குநர் ஆனாள், எல்லாம் நல்லதற்குத்தான் என்று என் கணவர் சொல்கிறார். அப்படிச் சொல்கிறவர்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. யாரும் அவளைத் தூக்கிவிடவில்லை. அங்கேயும் அம்மா ரொட்டியைப் பையில் அடைக்கும் தொழிற்சாலையில் நின்றார். படிப்பை முடித்த இசக்கியும் அதே லைனில் அம்மாவுக்குப் பக்கத்தில் நின்றாள், வார விடுமுறையில் இரவல் கேமராவில் குறும்படம் எடுத்தாள். முதல் படத்தை யாரும் சீண்டவில்லை. இரண்டாவதை ஒரு சிறிய விழாவில் போட்டார்கள். மூன்றாவதைப் பார்த்துத்தான் ஒரு பெண் தயாரிப்பாளர் தேடிவந்தார். இந்த முழுநீளப் படத்தை நடிகைகள் நாலு பேரையும், அந்த ரொட்டித் தொழிற்சாலைப் பெண்களையும் வைத்தே எடுத்திருக்கிறாள். லென்ஸில் தேங்காய் எண்ணெய் தடவித்தான் எடுத்தேன் என்று கேட்டவர்களிடமெல்லாம் மறைக்காமல் சொல்கிறாள். அங்கேயுள்ள விமர்சகர்கள் அந்தப் பனிமூட்டத்தைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதுகிறார்கள். அது எங்கள் ஒரகடம் கேட்டில் ஒட்டிய பசை.

ஷிஃப்டுக்குப் போகிற பஸ்ஸில் போனில்தான் அந்தப் படத்தைப் பார்த்தேன், அவளே அனுப்பியிருந்தாள். அப்படி ஒரு படத்தை நான் பார்த்ததில்லை. ஒருத்தி நிற்பதை மட்டுமே அவ்வளவு நேரம் காட்டி, பார்க்கிறவன் காலையும் வலிக்க வைத்திருக்கிறாள். ஆனால் எல்லோரும் கொண்டாடுகிற காட்சி எது தெரியுமா? மகள் அம்மாவிடம், "நான்தான் காட்டினேன்" என்று ஒத்துக்கொள்கிற காட்சி. அதில் தோழி என்று ஒருத்தியே கிடையாது. கடைசியில் நன்றி என்று என் பெயரைப் போட்டிருக்கிறாள். எதற்கு நன்றி? லண்டனில் படம் முடிந்தபின் நடந்த பேட்டியின் வீடியோவில், "என்னால்தான் அம்மாவுக்கு வேலை போனது, இந்தப் படம் நான் அம்மாவிடம் கேட்கிற மன்னிப்பு" என்கிறாள். முன்வரிசையில் பேச்சி அத்தை. தலையெல்லாம் நரைத்துவிட்டது. அழுதுகொண்டிருந்தார். செய்யாத குற்றத்துக்கு மகள் மன்னிப்புக் கேட்கிறாள், அம்மா நம்பி அழுகிறார், அரங்கமே எழுந்து நின்று கைதட்டுகிறது.

உடனே கூப்பிட்டுப் பேசினேன். சிரித்தாள். "விடுட்டி, படம் முடிஞ்சாச்சுல்லா" என்றாள். அவளுக்கு முடிந்துவிட்டது.

எங்கள் போர்ஷன்களை இடித்து அப்பா மூன்று மாடி ஹாஸ்டல் கட்டிவிட்டார். குழாயடி இல்லை, முருங்கை மரம் இல்லை, அந்த நீலப் பேரல் எந்தக் காயலான் கடைக்குப் போனதோ தெரியாது. நானும் ஒரு கம்பெனியில்தான் வேலை செய்கிறேன், கேட்டில் இப்போது ஸ்டிக்கரும் கிடையாது, போனையே வாங்கி லாக்கரில் வைத்துவிடுகிறார்கள். உரிப்பதற்கு ஒன்றுமில்லை. என் மகள் நான் எங்கே நிற்கிறேன் என்று கேட்டால் வாயால்தான் சொல்ல வேண்டும்.

ஒன்று மட்டும் மிச்சம். முதல் படம் தொலைந்துவிட்டது என்று பேட்டிகளில் சொல்கிறாய் இசக்கி. தொலையவில்லை. அது யார் வீட்டு பீரோவில் பூட்டப்பட்டது என்று உனக்கு நன்றாகத் தெரியும். படப்பை கடையில் நீ போட்டுக் காட்டியிருந்தால் கார்டு எங்கள் வீட்டில் எப்படி இருக்கும்? அப்பா இதைப் படித்துவிட்டுக் கத்துவார். கத்தட்டும். கார்டு இப்போது என் கைப்பையில் இருக்கிறது. இன்னும் ஓடுகிறது. கடைசிப் பத்து நொடி வரும்போது என்னால் இன்றைக்கும் நிறுத்த முடியவில்லை.

அடுத்த மாதம் சென்னையில் உன் படத்தைப் போடுகிறார்கள், அத்தையும் வருகிறார் என்று போட்டிருக்கிறாய். நான் லீவு சொல்லிவிட்டேன். படம் முடிந்ததும் கேள்வி கேட்கச் சொல்வார்கள், நான் எழுந்து ஒரே ஒரு கேள்விதான் கேட்பேன். நடிக்காமல் பதில் சொல். அத்தனை பேர் முன்னால், மைக்கைப் பிடித்துக்கொண்டு, என்னைப் பார்க்காமல் உன் அம்மாவைப் பார்த்துச் சொல்: அந்தப் பத்து நொடியைக் காட்டியது யார்?