நிலவறையின் மௌனம்

நம்பாதவர்கள் நம்பாமலேயே இருக்கட்டும். முதலில் நானே நம்பவில்லை. கேட்டது நிஜமா, களைப்பில் வந்த பிரமையா என்று என்னையே பலமுறை குறுக்கு விசாரணை செய்துவிட்டுத்தான் எழுதுகிறேன். நடந்ததை நடந்த வரிசையில், கூட்டாமல் குறைக்காமல் எழுத வேண்டும் என்பது நான் படிக்கும் மாலை நேரச் சட்ட வகுப்பில் கிடைத்த பழக்கம். அப்படியே எழுதுகிறேன்.

பழைய அரசுகளின் வரலாற்றைச் சொல்லும் தொலைக்காட்சித் தொடர் அது. அதற்கு ஒலியைச் சீராக்குவது என் வேலை. தற்காலிக வேலைதான். ஆறாவது பகுதியைச் சொன்ன நேரத்துக்குள் முடித்துக்கொடுத்தால் நிரந்தரமாக்குவதாக இயக்குநர் சொல்லியிருந்தார்.

அந்தப் பகுதியில் ஒரு கோட்டையின் கருவூல நிலவறை வருகிறது. "வழி வெளியே தெரியக் கூடாதுன்னு, கட்டினவங்களையே உள்ள விட்டுச் சுவரை அடைச்சுட்டாங்க" என்று ஒரு வரலாற்றுப் பேராசிரியை பேட்டியில் சொல்கிறார். இயக்குநர் அதை வெட்டச் சொன்னார். தொடரின் செலவை ஏற்றிருந்தது அந்தக் கோட்டையை ஆண்ட அரச வம்சத்துக் குடும்பம். வெட்டிய இடத்தில், "வேலை முடிந்ததும் பரிசு பெற்று, அனைவரும் மகிழ்ச்சியோடு வீடு திரும்பினர்" என்ற வரி பின்னணிக் குரலில் ஏறியது.

குரலுக்குப் பின்னால் ஒன்றுமே இல்லாவிட்டால் காதில் உறுத்தும். அதற்காகவே, படம்பிடிக்கும் ஒவ்வோர் இடத்திலும் எல்லோரையும் அசையாமல் நிற்கவைத்து, அந்த இடத்தின் மௌனத்தையும் பதிந்து வருவார்கள். நிலவறையின் மௌனத்தை எடுத்து அந்த வரிக்கு அடியில் போட்டேன்.

மாலை ஐந்தரை. ஜன்னல் இல்லாத அறை. ஹெட்ஃபோனில்...

ஹ்ஹ்...

யாரோ மூச்சை இழுத்தார்கள். பேச வாயெடுப்பவர் இழுப்பதுபோல.

அந்தத் துண்டை நீக்கிவிட்டு மறுபடி ஓடவிட்டேன்.

இப்போது இரண்டு பேர்.

இயக்குநருக்குப் போன் செய்தேன்.

"சார், நிலவறைப் பதிவுல மூச்சு கேக்குது."

"எவனாவது நின்னுக்கிட்டே தூங்கியிருப்பான். தூக்கிப் போடும்மா."

"தூக்கினா இன்னும் அதிகமாகுது சார்."

"பேய் சம்பளம் கேக்காத வரைக்கும் எனக்குக் கவலையில்ல. ஏழு மணிக்கு எனக்குப் பகுதி வேணும். உனக்கு வேலை வேணும்ல?"

வேண்டும்.

அந்தப் பதிவையே அழித்தேன். மின்விசிறியை நிறுத்தினேன். மூச்சை அடக்கிக்கொண்டு, என் அறையின் மௌனத்தைப் பதிந்தேன்.

கேட்டேன். சுத்தம்.

சேர்த்து அனுப்பிவிட்டேன்.

மறுநாள் ஒலிப்பதிவாளரைப் பிடித்தேன். குழுவில் அவருக்குப் பெயர் 'காது'.

"அண்ணா, நிலவறையில மௌனம் எடுத்தப்ப யார் யார் உள்ள இருந்தீங்க?"

அவர் சுற்றுமுற்றும் பார்த்தார்.

"யார்கிட்டயும் சொல்லிடாத தங்கச்சி. அங்க நான் எடுக்கவே மறந்துட்டேன். வண்டியில ஏறினப்புறம்தான் ஞாபகம் வந்துச்சு. டைரக்டர் கத்துவாரேன்னு, மைக்கே சொருகாம சும்மா ஓட்டி ஒரு ஃபைல் கொடுத்தேன். அதுல ஒண்ணுமே இருக்காது."

ஒளிபரப்பான அன்று அம்மாவோடு உட்கார்ந்து பார்த்தேன். அம்மாவிடம் இதில் எதையும் நான் சொல்லியிருக்கவில்லை.

"...மகிழ்ச்சியோடு வீடு திரும்பினர்."

வரி முடிந்தது. அதன் அடியில் ஓடிய, என் அறையில் நான் பதிந்த மௌனம் மட்டும் சில நொடி நீடித்தது.

அம்மா சத்தத்தைக் கூட்டினாள்.

"யாருடி அது... இத்தனை பேர் அழறாங்க?"

எனக்கு வேலை நிரந்தரமாகிவிட்டது.

அதே அறையில்தான்.